ஓமான் மலைச் செடி

வேலைவிட்டு வந்த றோசாலி, இடுப்பில் கட்டிய படங்குச் சாக்கைக்கூட அவிழ்க்காமல் வாசலோரம் குனிந்தாள். பெயிண்ட் வாளியில் நின்ற முள்ளுச் செடியின் நுனியில் ஐந்து மொட்டுகள், மிளகு அளவில். விரல் தானாகப் போனது. ஐந்தும் அவள் உள்ளங்கைக்கு வந்துவிட்டன.

யோசித்துச் செய்ததல்ல. ஸ்பிரிங்வெளித் தோட்டத்தில் தேயிலைக் கன்று வளர்க்கும் தவறணையில் இருபத்திரண்டு வருஷமாக அவள் பார்க்கும் வேலை இது. இளங்கன்று மொட்டு வைத்தால் கிள்ளிவிட வேண்டும். இல்லாவிட்டால் சத்தெல்லாம் பூவுக்குப் போய் வேர் நோஞ்சானாகிவிடும்.

செடி அவள் புருஷன் மத்தேயு ஓமானிலிருந்து விதையாகக் கொண்டுவந்தது. அங்கே மலைமேல் ஒரு மாதுளந்தோட்டத்தில் பதினொரு வருஷம் வேலை பார்த்தவர் அவர்.

"இது என்னா செடிங்க?" என்று எத்தனையோ தடவை கேட்டிருக்கிறாள்.

"பொறு புள்ள, நீயே பாப்ப." அதற்குமேல் வாய் திறக்க மாட்டார்.

ஏழு வருஷத்தில் அது முழங்கால் உயரம்கூட வரவில்லை; மொட்டு வைத்ததும் இதுதான் முதல் தடவை. "ஒங்கள மாதிரியே வீம்பு புடிச்சது" என்று திட்டிக்கொண்டே, ஒவ்வொரு மழைக்கும் அவள்தான் வாளியைத் தகரக் கூரைக்கடியில் இழுத்துவைப்பாள்.

இப்போது மத்தேயுவுக்கு நுரையீரல் போய்விட்டது. ஆஸ்பத்திரியில், "இனி வீட்டிலேயே வச்சுப் பாத்துக்கங்க" என்று அனுப்பிவிட்டார்கள். பத்து நாளாகக் கட்டில்தான்.

உள்ளே போனால், மனுஷர் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார்.

"என்னங்க, இன்னைக்கு துரை மாதிரி ஒக்காந்திருக்கீங்க?"

"பக்கத்து வீட்டு சின்னராசா வந்தான்." மூச்சு வாங்கியது. "செடியில மொட்டு வச்சிருக்காம். மறுக்காப் போயி எண்ணிட்டு வாடான்னேன். அஞ்சாம்!"

றோசாலி கையை மூடிக்கொண்டாள்.

"அந்த மலையில மழையே அபூர்வம் புள்ள. பாறை வெடிப்புல எங்கயாச்சும் ஒண்ணு நிக்கும். நான் கண்டதே நாலு செடி. பூத்துப் பாத்தது ரெண்டே தடவ. மொத தடவ, 'றோசாலி, இங்க பாரு'ன்னு சத்தமாவே சொல்லிட்டேன். பக்கத்துல ஆடுதான் நின்னுச்சு."

சிரித்தார். சிரிப்பு இருமலானது. அவள் ஒரு கையால் நெஞ்சைத் தடவிக்கொடுத்தாள்.

"போன்ல புடிச்சேன், சரியா விழல. வெதையக் கொண்டுபோயி செடியவே வளத்துக் காட்டுவோம்னு நெனச்சேன். இன்னும் நாலு நாள்ல விரிஞ்சிரும். நாலு நாள் நான் தாங்குவேன்... அந்தக் கையில என்னா?"

"நான் கிள்ளிட்டேங்க."

"என்னத்த?"

கையை விரித்தாள். மத்தேயு குனிந்து பார்த்தார். நிமிரவே இல்லை.

"ஏசுங்க. வாயத் தொறந்து ஏசுங்களேன்!"

"ஒன்னய எதுக்கு ஏச? தவறணைக்காரியக் கட்டிக்கிட்டு, பூக்குற செடின்னு சொல்லாம இருந்தது நான்தானே."

"அடுத்த தடவ..." என்று தொடங்கியவள் நிறுத்திக்கொண்டாள்.

அவர் ஒரு மொட்டை எடுத்து நகத்தால் பிளந்தார். உள்ளே மடிந்த இதழ்கள் வெளிறிக் கிடந்தன.

"நெறம் இன்னும் ஏறல."

"என்னா நெறம்ங்க? சொல்லுங்க, நான் நெனச்சுப் பாத்துக்கிறேன்."

சொல்ல வாயெடுத்தார். அறையைச் சுற்றிப் பார்த்தார். மாதா படம், கொடியில் கிடந்த போர்வை, அவள் உடுத்தியிருந்த சேலை, கதவுக்கு வெளியே தேயிலை. ஒவ்வொன்றிலும் கண் நின்று நின்று நகர்ந்தது.

"அந்த நெறம் இங்க எதுலயும் இல்ல புள்ள."

அவள் கட்டிலடியிலிருந்து தகரப் பெட்டியை இழுத்தாள். மேலே கிடந்த சேலையை உதறி அவர் முகத்துக்கு நேரே பிடித்தாள்.

"இதுவா?"

இல்லை என்று தலையாட்டினார்.

"இந்தக் கரையா? இதுவா? நல்லாப் பாருங்க, இது?"

கல்யாணச் சேலைக்கும் அவர் தலை அப்படியே ஆடியது. பெட்டி காலியானது. றோசாலி எழுந்து வெளியே ஓடினாள். சின்னராசாவின் பெண்சாதி வாசலில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள்.

"பெரியாயி, ஒன் சேலையெல்லாம் எடு."

"என்னாக்கா, யாருக்கு என்னா?"

"எடுடி, எல்லாத்தையும் எடு!"