சுருங்காத பாட்டு

"கார் உறுமுது, பாட்டைக் காணோமேடா" என்றாள் அக்கா.

பழைய கேம் பெட்டிகளைப் பழுதுபார்க்கும் தம்பி, டிவியில் ஓடிய கார் பந்தய விளையாட்டின் ஒலியைக் கூட்டிப் பார்த்தான். இன்ஜின்தான் இன்னும் உரக்கக் கத்தியது.

"கல்யாணத்துக்கு முன்னாடி கேம் கம்பெனிக்குக் கீபோர்டு வாசிச்சேன்னு ஊரெல்லாம் சொன்னியே, இதுதானா? பிரமாதம்!" என்று அவள் கணவர் சோபாவிலிருந்து கைதட்டினார்.

அக்காவுக்கு முகம் சுருங்கியது. கேம் கடைக்கு வருமுன்பே கம்பெனியை மூடிவிட்டார்கள். மிஞ்சியது அவளிடமிருந்த ஒரே டிஸ்க். காலையில் தம்பி அதைக் கம்ப்யூட்டரில் பிரதி எடுத்து வெளியே இழுத்தபோது, ஏற்கெனவே விரிசல் விட்டிருந்தது இரண்டாகப் பிளந்தது. "டிஸ்க் போனா போகுது, ஃபைல் இருக்குல்ல" என்று தைரியம் சொன்னவன் இப்போது நகம் கடித்தான்.

"இடத்தை அடைக்குதுன்னு ஃபைலை அமுக்கிச் சுருக்கினியே, எவ்வளவு இருந்தது, எவ்வளவு ஆச்சு?" என்று கேட்டாள் அக்கா.

"ஐந்நூறு எம்பி. அமுக்கினதும் நாப்பது."

"மத்த கேமெல்லாம்?"

"பாதிதான் குறையும்."

கூரியர் அலுவலகத்தில் பார்சல் கட்டுகிறவள் அவள். "தலையணையை அமுக்கலாம், பீங்கான் தட்டை அமுக்க முடியுமா? பாட்டு எதுடா?"

"தட்டுதான்க்கா. அவ்வளவா சுருங்காது."

"அப்போ எதையோ வெளியில வச்சுட்டுப் பெட்டியை ஒட்டிட்டே."

தம்பி தலையில் கைவைத்தான். பிரதியில் பல ஃபைல்கள் இருந்தன. முதலாவது விளையாட்டு, மற்றவை ஒவ்வொன்றும் ஒரு பாட்டு. எல்லாவற்றையும் சேர்த்து அமுக்காமல் முதலாவதை மட்டும் அமுக்கியிருக்கிறான். மிச்சத்தை, வேண்டாததென்று அழித்தும் விட்டான்.

"கம்ப்யூட்டரை யாரும் தொடாதீங்க! தேடி எடுத்துடலாம்."

"அழிச்சப்புறமும் இருக்குமா?"

"பேருதான் போகும்க்கா. அந்த இடத்துல வேற எதுவும் ஏறாத வரைக்கும் பொருள் அங்கேயேதான் கிடக்கும்."

"அட! முகவரி கிழிஞ்ச பார்சல் மாதிரி!" கவலையை மறந்து அக்கா நாற்காலியை இழுத்துப் போட்டு அமர்ந்தாள்.

பாட்டுகள் ஒவ்வொன்றாகத் திரும்பின. அவளுடையது கடைசியாக வந்தது, அதுவும் பாதி.

"மிச்சம் எங்கடா?"

"மாமா மதியம் ஏத்தச் சொன்னாரே, ஆபீஸ் விழாவுல அவர் ஆடின வீடியோ. அது மேல ஏறி உட்கார்ந்துடுச்சு."

சோபாவில் மாமாவின் சிரிப்பு நின்றது.

இம்முறை தம்பி எல்லாவற்றையும் சேர்த்து அமுக்கினான். கார் கிளம்பியது, பாட்டும் கிளம்பியது. அக்காவின் விரல்கள் முழங்காலின்மேல் தாமாக ஓடின. வளைவு ஒன்றில் பாட்டு பட்டென்று அறுந்தது.

"நல்லாத்தான் இருக்கு" என்று இழுத்தார் கணவர். "ஆனா வாசிச்சது நீதான்னு..."

அக்கா எழுந்தாள். மகளின் சின்னக் கீபோர்டை மடியில் எடுத்து வைத்து, அறுந்த இடத்திலிருந்து பிடித்தாள். ஓரிடத்தில் விரல் தடுக்கியது. தாண்டிப் போனாள்.

வாய் பிளந்து பார்த்த தம்பி காரைச் சுவரில் மோதவிட்டான்.

"ஏண்டா நிறுத்திட்டே?" என்று அதட்டினார் மாமா. "ஓட்டுடா. பாட்டு இன்னும் முடியலையே."