ஆறு பாத்ரூம் வீடு

அந்த வீட்டில் மொத்தம் ஆறு பாத்ரூம். குடியிருப்பதோ நான்கு பேர். ஆளுக்கு ஒன்றரை என்று பங்கு போட்டாலும் கணக்கு கச்சிதமாக வரும். ஆறையும் தினமும் மண்டி போட்டுத் தேய்க்கிற வேலைக்காரிக்கு மட்டும் அதில் பங்கு கிடையாது.

காலை எட்டு மணிக்கு உள்ளே நுழைந்தால் மூன்று மணி வரை அவள் ஒரு வாய் தண்ணீர் குடிக்க மாட்டாள். குடித்தால் போக வேண்டுமே, எங்கே போவாள்? இந்த வருடம் மட்டும் மூன்று முறை எரிச்சலும் குளிர்காய்ச்சலுமாகப் படுத்துவிட்டாள். "இன்னொரு தடவை அடக்கி வச்சீங்கன்னா கிட்னி போயிடும்" என்று டாக்டரம்மா முகத்துக்கு நேராகவே சொல்லிவிட்டார்.

நேற்று வாய்விட்டுக் கேட்டாள். வீட்டுக்காரம்மா போனிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"பஸ் ஸ்டாண்டுல ஒண்ணு இருக்கே, அங்க போயிட்டு வாயேன்."

போய் வர அரை மணி நேரம் ஆயிற்று. திரும்பியதும், "இவ்வளவு நேரம் எங்க ஊர் சுத்தப் போன?" என்று அதே வாய் கேட்டது. என்ன நாக்கோ அது.

சமையல்காரி அவளைத் தனியாக இழுத்துப் போனாள். "அக்கா, நானெல்லாம் கமுக்கமாப் போயிட்டு வந்துடறேன். நீ கழுவிவிட்டா மோப்ப நாய்க்குக்கூடத் தெரியாது."

"ஒளிஞ்சு ஒளிஞ்சு போக நான் என்ன திருடவா வந்தேன்?"

"வேலை போயிடும்க்கா."

"போனா போகட்டும். வேற வீடு கிடைக்கும். வேற கிட்னிக்கு எங்க போறது?"

பயம் இல்லாமல் இல்லை. ஆனால் பயந்து பயந்தே உடம்பைக் கெடுத்துக்கொண்ட ஆத்திரம் அதைவிடப் பெரிதாக இருந்தது.

இன்று ஆறையும் பளிச்சென்று கழுவி முடித்தாள். அடுப்படியில் நின்று இரண்டு டம்ளர் தண்ணீரை மடமடவென்று குடித்தாள். பதினொரு மணிக்கு நட்டநடு ஹாலைக் கடந்து, வாசலை ஒட்டிய பாத்ரூமுக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டாள்.

சற்று நேரத்தில் கார் வந்து நின்றது. கைப்பிடி திரும்பியது. கதவு தட்டப்பட்டது.

"யாரு உள்ள?" வீட்டுக்காரம்மாவின் குரல்.

"நான்தாம்மா."

"இன்னுமா கழுவி முடிக்கல?"

"அது அப்பவே முடிஞ்சிடுச்சும்மா. இப்ப ஒண்ணுக்குப் போறேன்."

கைப்பிடி மறுபடியும் ஒருமுறை திரும்பியது. பிறகு, "சீக்கிரம் வெளிய வா. எனக்கு அவசரம்."

"எனக்கும்தாம்மா. இன்னும் அஞ்சு இருக்கே, எதுல வேணும்னாலும் போங்க."

செருப்புச் சத்தம் தடதடவென்று மாடிப்படி ஏறியது. திரும்பி வந்து என்ன சொல்வாளோ, சொல்லட்டும். நாளைக்கும் தண்ணீர் குடிப்பது என்று அவள் முடிவு செய்துகொண்டாள், இந்த வீட்டிலானாலும் சரி, வேறு வீட்டிலானாலும் சரி.