சேமிக்காத ஐந்து ரூட்டர்கள்

என் வீட்டுக்காரருக்கு நெஞ்சில் ஈரம் என்பதே கிடையாது. ஆனால் ஊரைக் கேட்டால் தங்கமான மனுஷன் என்பார்கள். நெட்வொர்க் பயிற்சி லேப் அவர் பொறுப்பு. லேப் என்றால் இரும்புப் பெட்டிகள் எதுவும் இல்லை. ஒரே ஒரு சர்வர், அதற்குள் இமேஜ்களாக, அதாவது மென்பொருள் நகல்களாக ஓடும் ரூட்டர்கள். திரையில் கோடு இழுத்து இணைத்தால் நிஜம் போலவே பேசிக்கொள்ளும். எனக்கு அங்கேயே வரவேற்பு மேசையில் வேலை.

வேலை போனதிலிருந்து என் தம்பி எங்கள் வீட்டில்தான் இருந்தான். அவன் சாப்பிட உட்கார்ந்தாலே இவர் வாயில் 'தண்டச்சோறு' வந்துவிடும். அந்த நேரத்தில்தான் லேபில் ஓர் இடம் காலியானது. அது கிடைத்தால் தனியாக ஒரு அறை பார்த்துக்கொண்டு மானத்தோடு போய்விடுவேன் என்று துடித்தான்.

அந்த வேலைக்கான தேர்வன்று காலை, சாப்பிடும்போது இவர் அக்கறையாகச் சொன்னார். "இது நிஜ ரூட்டர் இல்லப்பா. இங்க சேவ் பண்ணினா மூல இமேஜே கெட்டுடும். சும்மா ஓட விட்டாப் போதும்." அவன் நிஜப் பெட்டிகளில் மட்டுமே வேலை பார்த்தவன். அத்தான் சொன்னால் சரியாக இருக்கும் என்று தலையாட்டினான். எனக்கு அதெல்லாம் புரியாத பாஷை.

தலைமையகத்திலிருந்து இரண்டு அதிகாரிகள் வந்திருந்தார்கள். தம்பி அமைத்த ஐந்து ரூட்டர்களும் அழகாகப் பேசின. கரண்ட் போய் வந்தால் தாங்குகிறதா பார்ப்போம் என்று இவர் எல்லாவற்றையும் நிறுத்தி மறுபடி ஓட்டினார். ஐந்தும் தங்கள் பெயர்கூடத் தெரியாமல் வெறுமையாக எழுந்தன.

"சேவ் பண்ணலையா?" என்றார் அதிகாரி.

"அடிப்படையே தெரியல சார்," என்று உச்சுக் கொட்டினார் இவர்.

பாவி மனுஷன்! அடுத்த ஆளை அழைத்து வந்திருந்த என்னால் வாயை மூடிக்கொண்டு நிற்க முடியவில்லை. "நீங்கதானே காலையில சேவ் பண்ணாதேன்னு சொன்னீங்க," என்றேன்.

தம்பி அவரைப் பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான். சாயங்காலம் நான் திரும்பிப் போக வேண்டிய வீட்டை நினைத்திருப்பான்.

"அக்கா எனக்காகப் பொய் சொல்றாங்க சார். நான்தான் மறந்துட்டேன்."

தம்பி என்றால் இவளுக்கு உயிர் என்று சொல்லி இவர் சிரித்தார். அதிகாரிகளும் சிரித்தார்கள்.

பிறகு இவர் அடுத்த ஆளுக்கு நாற்காலியை இழுத்துப் போட்டார். "ஒவ்வொன்னையும் மறக்காம சேவ் பண்ணிடுங்க தம்பி," என்றார். என் தம்பி அப்போது கதவைக்கூடத் தாண்டியிருக்கவில்லை.

சாயங்காலம் வீட்டில் அவன் பை இல்லை. போனும் அணைந்திருந்தது. இவர் கை கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தார்.

"ஒரு தட்டு குறைஞ்சுது," என்றார். "போடு."