பழைய மந்திரியின் கோப்பு

மந்திரிகள் வருவார்கள், போவார்கள். லியோனல் ட்ரான்டர் மட்டும் இருந்த இடத்திலேயே இருந்தார். இருபத்திரண்டு வயதில் பரீட்சை எழுதி லண்டன் அரசு அலுவலகத்தின் வெள்ளைக்கல் கட்டடத்துக்குள் நுழைந்தவர், முப்பத்தாறு வருடத்தில் பதினோரு மந்திரிகளை வரவேற்று வழியனுப்பி, இலாகாவின் தலைமைச் செயலாளராகி, அரசியிடம் ‘சர்’ பட்டமும் வாங்கிவிட்டார். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அதற்கு நேரம் ஒதுக்கும்படி யாரும் அவருக்குக் குறிப்பு எழுதி அனுப்பவில்லை போலும்.

லண்டனில் அந்த அலுவலகங்களில் ஒரு வழக்கம் உண்டு. ஆட்சி மாறினால், போன மந்திரிக்குச் சொன்ன ஆலோசனையைப் புது மந்திரியின் கண்ணில் காட்டக்கூடாது. கட்டிப் பூட்டிவிட வேண்டும். “இரண்டாம் தாரத்துக்கிட்ட மூத்த தாரத்தோட கடுதாசியைக் காட்டுவீங்களா?” என்று லியோனலே புதிதாக வேலைக்குச் சேர்ந்தவர்களிடம் சொல்லிச் சிரிப்பார். நல்ல வழக்கம்தான். அதை வைத்துக்கொண்டு யார் என்ன செய்கிறார்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

அந்த வருடம் மே மாதம் அப்படிப் பூட்டப்பட்ட கோப்புகளில் ஒன்று சாலோபி என்ற கடலோர ஊரைப் பற்றியது. ஊருக்கும் கடலுக்கும் நடுவே நிற்கும் சுவரின் அடித்தளம் அரித்துப்போய்விட்டது, ஒரு பெரிய குளிர்காலப் புயலை அது தாங்காது என்று பொறியாளர் எழுதியிருந்தார். போன மந்திரி அதன் ஓரத்தில், “தேர்தல் முடியட்டும்” என்று எழுதினார். தேர்தல் முடிந்தது. அவரும் முடிந்தார்.

புது மந்திரி பக்லாண்ட் வாய் நிறையப் பேசுகிறவர், மனதில் கள்ளம் இல்லாதவர். மூன்றாம் வாரம் அவர் கேட்டார்: “சர் லியோனல், நான் தெரிஞ்சுக்க வேண்டியது ஏதாவது விட்டுப்போச்சா?”

லியோனலுக்குச் சாலோபி நினைவுக்கு வந்தது. ‘சுவர் சரியில்லை’ என்று சொல்வதை எந்த வழக்கமும் தடுக்கவில்லை. அரைப்புத்தி உள்ளவன்கூட வாயைத் திறந்திருப்பான். ஆனால் லியோனலுக்கு முழுப்புத்தி. சொன்னால், “எப்படித் தெரியும்?” என்று கேட்பார், கேட்டால் பழைய கோப்பு வரும், கோப்பு வந்தால் பழைய மந்திரியின் கையெழுத்து வரும். அது முறையல்ல. முறையானது எது? யாருமே இதுவரை பார்க்காததுபோலப் புதிதாக ஒரு பொறியாளரை அனுப்பி, புதிதாக அறிக்கை வாங்குவது.

“கிழக்குக் கரைச் சுவர்களை எல்லாம் ஒரு தடவை பாக்கச் சொல்லலாம்னு இருக்கேன், மினிஸ்டர்.”

“பாருங்க, பாருங்க. முட்டை அவிக்கறதுக்கே கமிட்டி போடுற ஆளுங்களாச்சே நீங்க!”

அறிக்கை மார்ச்சில் கிடைக்கும் என்றார்கள். வெள்ளம் வருமுன் அணை போட வேண்டும் என்பது எல்லோருக்கும் தெரியும். லியோனல் அணை போடுவதற்கு முன் முறை பார்த்தார்.

பொறியாளரின் அந்தப் பழைய அறிக்கையை மந்திரிக்காகத் தட்டச்சு செய்தவள் மிஸ் முரியல் காப். இருபத்துநான்கு வருடம் லியோனலின் அறைக்கு வெளியே உட்கார்ந்திருந்தவள். அவருக்கு எந்தத் தேநீர் எப்போது வேண்டும், எந்த மந்திரியை எத்தனை நிமிடத்தில் கிளப்ப வேண்டும் என்பதெல்லாம் அவளுக்கு அத்துபடி. கோடையில் ஓய்வு பெற்று, தன் அக்கா வினிஃப்ரெட்டோடு வாழப் போய்விட்டாள். அக்கா வீடு சாலோபியில், சுவரிலிருந்து நான்காவது வீடு. அவள் போன பிறகு லியோனல் அந்த வெளியறையைக் கடக்கும்போது நடையை எட்டிப் போட ஆரம்பித்தார். அவளை அவருக்குப் பிடிக்கும். அதை அவளிடம் சொன்னதில்லை.

அக்டோபரில் அவளிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. ரோஜாவைப் பற்றி, அக்காவின் முழங்கால் வலியைப் பற்றி, பக்கத்து வீட்டு பாஸ்க் குடும்பத்துக் குழந்தைகள் இரண்டின் சேட்டையைப் பற்றி எழுதிவிட்டு, கடைசியில்: “நீங்களும் நானும் அறிந்த விஷயம் பற்றி இங்கே யாரிடமாவது ஒரு வார்த்தை சொல்லலாமா? அனுமதி இல்லாமல் சொல்ல மாட்டேன்.”

லியோனல் அதை நாலு தடவை படித்தார். பிறகு எழுதினார்: “விதிகள் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். விஷயம் கவனிக்கப்பட்டு வருகிறது.”

ஜனவரி பத்தொன்பதாம் தேதி விடியற்காலையில் சுவர் உடைந்தது. ஒன்பது பேர் போனார்கள். முரியல் அக்காவை மாடியில் ஏற்றிவிட்டு, பாஸ்க் வீட்டுக் குழந்தைகளைத் தூக்கிவரத் தண்ணீரில் இறங்கினாளாம். மூவரும் திரும்பவில்லை. அன்று மாலையே பக்லாண்ட் வானொலியில் தழுதழுத்த குரலில் பேசினார்: “இப்படி நடக்கும்னு எனக்கு யாரும் சொல்லல.” உண்மைதான். அந்த உரையை எழுதிக் கொடுத்ததே லியோனல்.

சவ அடக்கத்துக்கு அவர் ரயிலில் தனியாகப் போனார். வினிஃப்ரெட்டைப் பாதிரியார் வீட்டு முன்னறையில் உட்காரவைத்திருந்தார்கள். யாரோ கொடுத்த கறுப்புக் கோட்டு, தோளில் தொளதொளவென்று.

“நீங்கதான் சர் லியோனலா? உக்காருங்க. வாய் ஓயாம உங்களைப் பத்தித்தான் பேசுவா. எனக்குச் சலிச்சே போச்சு, போங்க.”

அவர் உட்கார்ந்தார்.

“ரேடியோவுல உங்க மந்திரி பேசினதைக் கேட்டேன். அவருக்குத் தெரியாதுன்னாரே, நிஜமா?”

“நிஜம்தான். மந்திரிக்குத் தெரியாது.”

“மந்திரி கிடக்கார். உங்களுக்கு?”

முப்பத்தாறு வருடத்தில் அவரிடம் எத்தனையோ கேள்விகள் கேட்கப்பட்டிருக்கின்றன. எல்லாவற்றுக்கும் அவரிடம் வழவழப்பான பதில் இருந்தது. இதற்கும் இருந்தது. ஆனால் முரியலின் அக்காவுக்கு முரியலின் மூக்கு. அதைப் பார்த்துக்கொண்டு அந்தப் பதில் வாயில் வரவில்லை.

“எனக்குத் தெரியும், மிஸ் காப். போன வருஷமே தெரியும். சொல்லியிருக்கணும். சொல்லல.”

சொன்னதும் நெஞ்சில் ஏதோ இறங்கியது போல இருந்தது. உண்மையைச் சொன்னவனுக்கு வரும் நிம்மதி. அந்த நிம்மதி அரை நிமிடம்கூட நிற்கவில்லை.

வினிஃப்ரெட் மெல்ல நிமிர்ந்தாள். “உங்க காயிதம் எல்லாத்தையும் முரியல்தானே டைப் அடிச்சா?” அவள் குரல் நடுங்கியது. “அப்போ... அவளுக்கும் தெரியுமா? தெரிஞ்சுக்கிட்டேதான் அந்தப் புள்ளைங்களுக்கு ஞாயித்துக்கிழமை கேக் சுட்டுக் குடுத்தாளா? தெரிஞ்சுக்கிட்டேதான் அவங்கம்மா கூட வேலியில நின்னு சிரிச்சாளா?”

இதை லியோனல் யோசிக்கவே இல்லை. எல்லாப் பக்கமும் பார்த்துப் பேசுகிறவர், இந்தப் பக்கம் பார்க்கவில்லை.

அவர் வாழ்நாளில் மறைத்திருக்கிறார், தள்ளிப்போட்டிருக்கிறார், வளைத்திருக்கிறார். பச்சைப் பொய் மட்டும் சொன்னதில்லை. அதில் அவருக்கு ஒரு கர்வம்கூட உண்டு.

“இல்ல,” என்றார். “அந்தக் காயிதத்தை நானே கையால எழுதினேன். பூட்டி வச்சேன். அவங்க கண்ணுலயே படல. தெரிஞ்சிருந்தா அவங்க சும்மா இருந்திருப்பாங்களா?”

வினிஃப்ரெட் அவர் முகத்தையே பார்த்தாள். பிறகு முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். “இருந்திருக்க மாட்டா. அதான் எனக்குத் தெரியுமே. என் தங்கச்சி அப்படிப்பட்டவ இல்ல.”

லியோனல் கைக்குட்டையை நீட்டினார். அவள் வாங்கவில்லை.

“ஒண்ணு சொல்றேன், கேப்பீங்களா?” கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னாள். “நீங்க கோயிலுக்குள்ள வரவேணாம். அவ பக்கத்துல நிக்கவேணாம். உங்களை அவ்வளவு நம்பினா.”

“சரி,” என்றார் லியோனல்.

சவப்பெட்டியைச் சுமந்துகொண்டு ஊரார் கோயிலுக்குள் போனார்கள். கதவு சாத்தப்பட்டது. லியோனல் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்தபடி, பாட்டு முடியும்வரை மழையில் வாசலிலேயே நின்றார்.