அடி அறுத்த காளான்

மத்தியானம் காட்டிலிருந்து திரும்பி அடுப்படிக்குள் தலையை நீட்டியவள் அண்ணாந்து பார்த்தாள். காலையில் அடுப்புக்கு மேல் பலகையில் அவள் வைத்துவிட்டுப் போன தட்டு கழுவிக் கவிழ்த்திருந்தது. அதில் இருந்த வெள்ளைக் காளான்களைக் காணோம். அடுப்பில் ஒரு சட்டி மூடியிருந்தது.

ஊரில் அவளுக்குக் காளான் டீச்சர் என்று பேர். யாருக்கும் எதையும் சொல்லிக் கொடுத்தவள் இல்லை. மழைக்காட்டுக் காளான்களை ஆராய வந்தவள். ஊர்ப் பெண்களோடு காட்டைச் சுற்றுவாள். குடியிருப்பது அக்கா வீட்டுப் பின்னறையில். கூடப் பிறந்த அக்கா இல்லை, ஆனால் மத்தியானத்தில் இவளுடைய ஐந்து வயது மகளை உட்காரவைத்துச் சோறு ஊட்டுவது அந்த அக்காதான்.

காளானின் அடித்தண்டை அறுத்துச் சின்னக் குப்பியில் போட்டுவிட்டு, மேல்பாகத்தைக் காயவைப்பது அவள் வழக்கம். நேற்றிலிருந்து கரண்ட் இல்லை, உலர்த்தும் பெட்டி செத்துக் கிடந்தது. சரி, அடுப்புச் சூட்டிலாவது காயட்டும் என்று மகா புத்திசாலியாட்டம் பலகையில் வைத்துவிட்டுப் போயிருந்தாள்.

இந்த ஊர்ப் பெண்கள் காளானை மண்ணோடு பிடுங்குவார்கள். அடியில் முட்டை ஓடு போல ஓர் உறை இருந்தால் விஷம்; அங்கேயே வீசிவிடுவார்கள். உறை இல்லாததை மட்டும்தான் அடி அறுத்துக் கூடையில் போடுவார்கள். ஆக, அடி அறுத்த காளான் என்றால் பார்த்தாயிற்று, சட்டிக்குப் போகலாம் என்று அர்த்தம். இது அவளுக்குத் தெரியாதா என்ன? வந்த புதிதில் கட்டுரையே எழுதியவளாயிற்றே. எழுதிய அதே கையால் உறை இருந்த காளானை அறுத்து, அடுப்புக்கு மேலேயே வைத்திருக்கிறாள்.

கொல்லைப்புறத்தில் அக்கா, இவள் மகள் குட்டிக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தாள்.

"அக்கா, பலகையில இருந்த காளான்..."

"வதக்கிட்டேன். ஏன், மூஞ்சி ஏன் இப்படிப் போகுது? சுத்தமா அறுத்து வெச்சிருந்தியே. இத்தனை மாசத்துல இன்னைக்குத்தான் டீச்சர் வீட்டுக்கு உதவியா ஒரு வேலை செஞ்சிருக்கான்னு நெனச்சேன்."

"பாப்பா சாப்பிட்டாளா?"

குட்டி உதட்டைப் பிதுக்கினாள். "கேட்டேன்மா. பெரியம்மா தரவே இல்ல."

போன உயிர் திரும்பி வந்தது. மகளை வாரி மடியில் போட்டுக்கொண்டு அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன.

"நல்ல கூத்து," என்றாள் அக்கா. "காட்டுல வந்ததை எடுத்த எடுப்புல புள்ளைக்குக் குடுப்பாங்களா? எங்க வீட்டுல ஆக்குனவதான் மொதல்ல சாப்பிடணும். பொழுது சாயற வரைக்கும் அவ நல்லா இருந்தாதான் மத்தவங்களுக்கு."

சிரிப்பு நின்றது. "நீங்க சாப்பிட்டீங்களா?"

"ரெண்டு தடவை போட்டுச் சாப்பிட்டேன். அவ்வளவு ருசி. பாரு, குத்துக்கல்லாட்டம் உட்கார்ந்திருக்கேன்."

அதுதான் அவளை நடுங்க வைத்தது. இந்தக் காளான் உடனே வேலையைக் காட்டாது. பொழுது சாயும் வரை, சமயத்தில் மறுநாள் விடியும் வரைகூட, பச்சைப் பிள்ளையாட்டம் சும்மா கிடக்கும். அப்புறம்தான் ஈரலில் கை வைக்கும். மூடி மறைக்காமல் எல்லாவற்றையும் சொன்னாள். தான் அறுத்தது, வைத்தது, உறை இருந்தது. அக்கா முதலில் சிரிக்கத்தான் பார்த்தாள். பிறகு இவள் முகத்தைப் பார்த்துவிட்டு எழுந்து போய், சட்டியைத் தூக்கி வாழை மரத்தடிக் குழியில் கொட்டி மண்ணைத் தள்ளினாள். "என் பசங்க ஸ்கூல் விட்டு வந்ததும் மொதல்ல சட்டியத்தான் தொறப்பானுங்க," என்றாள்.

அக்கா புருஷனிடம் ஜீப் இருந்தது. விஷயத்தைக் கேட்டதும் அவர் சாவியை எடுத்தார். டாக்டரிடம் காட்ட, அடித்தண்டு இருந்த குப்பியை அவள் கைக்குள் பொத்திக்கொண்டாள். குட்டியைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு டவுன் ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினார்கள்.

"சீக்கிரம் போங்க மாமா."

"போயிட்டுத்தான் இருக்கேன்மா."

காட்டுப் பாதை முடிந்தது. அக்கா மெதுவாகச் சொன்னாள். "பாப்பா சாப்பிடலன்னதும் உன் மூஞ்சியப் பாத்தேன். அப்படி ஒரு சந்தோஷம்."

"அக்கா, நான்..."

"தப்பா சொல்லல. என் புள்ளையா இருந்தா நானும் அப்படித்தான் ஆகியிருப்பேன்."

அவள் அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டாள். வெகுதூரம் போய், பொழுது சாய்கிற நேரத்தில் அந்தக் கை அவள் பிடியிலிருந்து நழுவி, மெல்ல வயிற்றுக்குப் போயிற்று.

"என்னக்கா?"

"ஒண்ணுமில்ல. ரோடு மேடு பள்ளமா இருக்குல்ல, குலுக்குது."

ஜீப் அப்போது தார் ரோட்டுக்கு வந்து வெகுநேரம் ஆகியிருந்தது.