முதல் பந்தயத்துப் பாட்டு

கோதண்டமும் அவர் தம்பி கோபுவும் ஒரே வீட்டில் இருந்துகொண்டு எட்டு வருஷமாகப் பேசிக்கொள்ளவில்லை. இரும்புலியூரில் இரண்டு அறையும் ஒரு ஹாலும் உள்ள சின்ன வீடு. ஒருவர் தும்மினால் இன்னொருவருக்குக் கேட்கும். கேட்டு என்ன பிரயோஜனம்?

தப்பு கோதண்டத்தின் மேல்தான். யாராவது கேட்டிருந்தால் அவரே ஒப்புக்கொண்டிருப்பார், யாரும் கேட்கவில்லை. தொண்ணூறாம் வருஷம் கோபு பாலிடெக்னிக்கில் படித்தபோது, கூடப் படித்த பெண் ஒருத்தி அவனுக்கு எழுதிய கடிதம் அண்ணன் கையில் சிக்கியது. புத்தியுள்ள அண்ணன் என்ன செய்வான்? மடித்து அவன் புத்தகத்துக்குள் வைத்துவிட்டுத் தன் வேலையைப் பார்ப்பான். கோதண்டமோ, சித்தப்பா குடும்பம் விருந்துக்கு வந்திருந்த ஞாயிற்றுக்கிழமையாகப் பார்த்து, எல்லோர் முன்னாலும் அதை ஏற்ற இறக்கத்தோடு வாசித்துக் காட்டினார். பந்தி முழுக்கச் சிரித்தது. கோபு சண்டை போடவில்லை. தன் தட்டைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு வெளியே போனான். அன்றைக்கு அண்ணனிடம் மூடிய வாய்தான், அப்புறம் திறக்கவே இல்லை.

அம்மா பூவம்மாள் இருந்தவரை அது பெரிய குறையாகத் தெரியவில்லை. மூன்று பேரும் ஹாலில் உட்கார்ந்திருப்பார்கள். நாளைக்கு மோட்டார் போட சீக்கிரம் எழுந்திருக்கச் சொல்லும்மா என்று கோதண்டம் ஒரு சுவரைப் பார்த்துச் சொல்வார். எழுந்திருக்கிறேன்னு சொல்லும்மா என்று கோபு இன்னொரு சுவரைப் பார்த்துச் சொல்வான். நடுவில் கீரை ஆய்ந்துகொண்டிருக்கும் அம்மா, இரண்டு பேருக்கும் நன்றாகக் கேட்டுவிட்ட அதே வார்த்தைகளை மறுபடி ஒரு தரம் சொல்லி முடிப்பாள். பிள்ளைகள் வேறு வேறு அறையில் இருந்தால் அவளுக்கு இன்னும் வசதி, திருத்திச் சொல்வாள். 'எக்கேடாவது கெட்டுப் போகட்டும்' என்று பெரியவன் சொல்லியனுப்பினால், சின்னவனிடம் அது 'பாத்துப் போயிட்டு வரச் சொன்னான்' என்று போய்ச் சேரும். நாள் முழுக்க இப்படிப் பொய் சொல்லியே அவள் குடும்பத்தை ஓட்டினாள்.

தொண்ணூற்றேழு ஆடியில் அவள் போய்விட்டாள். அதற்கப்புறம் தினசரிக் காலண்டரில் கிழித்த தாள்தான் அவர்களுக்கு அம்மா. அதன் பின்பக்கத்தில் 'காஸ் தீர்ந்துவிட்டது' என்று ஒருவர் எழுதி டேபிளில் வைப்பார். 'சொல்லியாச்சு' என்று மற்றவர் கீழே எழுதுவார். பேர் கிடையாது, கையெழுத்து கிடையாது. கோதண்டத்துக்கு நாற்பத்தொரு வயது. தோஷ ஜாதகம் என்று தள்ளித் தள்ளிப் போய், கல்யாணம் நின்றே போய்விட்டது. தாம்பரம் ரயில்வே ஷெட்டில் எலக்ட்ரீஷியன் வேலை, பெரும்பாலும் நைட் டூட்டி. பகலில் தனியாகச் சமைத்து, தனியாகச் சாப்பிட்டு, தம்பி பங்கை மூடி வைத்துவிட்டுப் படுத்துக்கொள்வார். சில நாள் ஷெட்டில் யாராவது பேச்சுக் கொடுத்தால் அவர் குரலே அவருக்குப் புதிதாக இருக்கும்.

பொங்கல் முடிந்த வாரத்தில் டேபிளில் ஒரு தாள் இருந்தது. 'பம்பாய்க்கு மாற்றல். வரும் மாசம் எட்டாம் தேதி, ஞாயிறு ரயில். கம்ப்யூட்டர் இங்கேயே இருக்கட்டும்.'

கோதண்டம் அதை மூன்று தரம் படித்தார். இருபது நாள் இருந்தது. அதற்குள் ஒரு வார்த்தை பேசிவிட வேண்டும், இல்லாவிட்டால் இந்த ஜன்மத்தில் இல்லை என்று அவருக்குப் பட்டது. பேசத்தான் பார்த்தார். கோபு ஷூ மாட்டும்போது பக்கத்தில் போய் நின்றார். அவன் நிமிர்ந்து பார்ப்பதற்குள் குடையைத் தேடுகிறவர் மாதிரி நகர்ந்துவிட்டார். தை மாசத்தில் என்ன குடை?

கோபுவுக்கு கம்ப்யூட்டர் ரிப்பேர் செய்யும் கம்பெனி ஒன்றில் வேலை. பழைய பாகங்களை வாங்கி அவனே ஒரு கம்ப்யூட்டர் சேர்த்து ஹாலில் வைத்திருந்தான். சாயங்காலம் வந்து குளித்ததும் அதன் முன்னால் உட்கார்ந்து ஒரு கார் ரேஸ் விளையாட்டுப் போடுவான். அதில் எத்தனையோ பந்தயம் உண்டாம், ஆனால் கடலோரச் சாலையில் ஓடும் முதல் பந்தயத்தையே திரும்பத் திரும்ப ஓட்டுவான். காதில் ஹெட்ஃபோன். இரண்டு வருஷத்துக்கு முன், நைட் டூட்டிக்குப் போவதற்குள் ஒரு மணி நேரம் தூங்க விடாமல் அந்த விளையாட்டின் பாட்டு டொய்ங் டொய்ங் என்று உயிரை வாங்குகிறது என்று கோதண்டம் அம்மாவிடம் சொல்லியனுப்பினார். அதற்கப்புறம்தான் ஹெட்ஃபோன் வந்தது.

அந்தக் காதைப் பார்த்துக்கொண்டே ஒரு நாள் கோதண்டத்துக்கு அது தோன்றியது. தன் பேச்சு போக முடியாத காதுக்குள் அந்தப் பாட்டு தினமும் போகிறது. அந்தப் பாட்டு இருக்கும் இடத்தில் அம்மாவை வைத்துவிட்டால்?

அம்மாவின் குரல் ஒரே ஒரு கேசட்டில் இருந்தது. படப்பையில் தங்கை சரசுவின் மகளுக்குக் காது குத்தியபோது, மேளக்காரர் வாசித்ததைச் சரசுவின் புருஷன் டேப் பண்ணினார். நல்ல கட்டத்தில் ரெக்கார்டருக்குப் பக்கத்திலேயே நின்று அம்மா ஒரு சத்தம் போட்டாள். டேப்பே பாழாகிவிட்டது என்று மாப்பிள்ளை ஒரு மாசம் புலம்பினார். கோதண்டம் படப்பைக்கு பஸ் ஏறிப் போய் அதை வாங்கி வந்து போட்டுக் கேட்டார். நாதஸ்வரத்துக்கு மேலே அம்மா கத்தினாள்: "டேய் கோபு, சாப்ட வாடா. அண்ணன் உனக்கோசரம் காத்துகினு கீறான்."

கேட்டதும் அவருக்குக் கண் கலங்கிவிட்டது. அன்றைக்கு அவர் காத்திருக்கவே இல்லை. முதல் பந்தியிலேயே சாப்பிட்டு வெற்றிலையும் போட்டாகிவிட்டது. வழக்கம்போல அம்மா தானாகச் சேர்த்துச் சொன்னது அது.

ஒயர் என்றால் கோதண்டத்துக்குத் தெரியும், கம்ப்யூட்டர் தெரியாது. மேற்குத் தாம்பரம் மார்க்கெட் பக்கம் கம்ப்யூட்டர் சென்டர் நடத்தும் செல்வமேரியிடம் போய் நின்றார். தம்பி விளையாடும் கேமில் ஒரு பாட்டை மாற்ற வேண்டும் என்றார். தம்பியிடமே கேட்கலாமே என்றாள் அவள். கோதண்டம் சுவரைப் பார்த்தார். அவள் புரிந்தவள், அதை மறுபடி கேட்கவில்லை. கேமின் பேரைக் கேட்டுக்கொண்டு மறுநாள் வரச் சொன்னாள். மறுநாள் ஒரு ஃபிளாப்பியும், வரிசையாக எழுதிய ஒரு தாளும் கொடுத்தாள். விளையாட்டின் பாட்டெல்லாம் ஒரே பெரிய ஃபைலில் மூட்டையாகக் கட்டியிருக்குமாம். ஃபிளாப்பியில் உள்ள புரோகிராம் அதைப் பிரித்துப் போடும், மறுபடி கட்டியும் கொடுக்கும்.

"ரெண்டு விஷயம் சார்," என்றாள். "புதுசா வைக்கிறது பழசோட நீளத்துக்குச் சரியா இருக்கணும், ஒரு இம்மி கூடினாலும் கேம் நின்னுடும். அப்புறம், வெச்சு முடிச்சதும் கேமை ஓட்டிக் காதால கேட்டுடுங்க."

நைட் டூட்டி முடிந்து வந்து, கோபு கிளம்பியதும் கம்ப்யூட்டரைப் போடுவார். மூட்டையைப் பிரித்தால் பதினோரு பாட்டு வந்தது. எது முதல் பந்தயத்துடையது என்று எழுதியா வைத்திருக்கிறார்கள்? ஒன்றொன்றாக ஓட விட்டார். ஏழாவதைக் கேட்டதும் தெரிந்துவிட்டது. அதே டொய்ங் டொய்ங். இப்போது கேட்கையில் அது அவ்வளவு மோசமாக இல்லை. அம்மா அடுப்படியில் இருந்த சாயங்காலங்களில் ஓடிய பாட்டு அது. முழுக்கக் கேட்டார்.

டேப் ரெக்கார்டரிலிருந்து கம்ப்யூட்டருக்கு அவரே ஒயர் செய்து இழுத்தார். முதல் தடவை ஏதோ வேகம் தப்பி, அம்மா அணில் மாதிரி கீச்சுக் கீச்சென்று கத்தினாள். கோதண்டம் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். சிரித்த சத்தம் காலி வீட்டில் அடங்கியதும் என்னவோ போல் ஆகிவிட்டது. தாளைப் பார்த்து வேகத்தைச் சரி செய்தார். பாட்டு ஒன்றே முக்கால் நிமிஷம், அம்மா பேசுவது ஆறு வினாடி. மேளத்தை முன்னும் பின்னும் வைத்து, நடுவில் அம்மாவை நான்கு தரம் கூப்பிட விட்டு, நீளத்தைச் சரிக்கட்ட ஆறு நாள் காலை பிடித்தது. பழைய பாட்டையும் பத்திரமாக வேறு பேரில் வைத்தார். எல்லாவற்றையும் மறுபடி மூட்டை கட்டினார்.

மிச்சம் இருந்தது கேமை ஓட்டிக் கேட்பது. திறந்தார். ஓட்டுகிறவர் பேர் என்ன என்று அது கேட்டது. கீழே இதுவரை ஓட்டியவர்கள் பட்டியல், வரிசையாகக் கோபு, கோபு, கோபு. ஒரு முறை ஓட்டினாலும் அதில் ஏறிவிடும், அவன் கம்ப்யூட்டரில் கை வைத்தது தெரிந்துபோகும். இன்னொருத்தருக்கு வந்த கடிதத்தைப் பிரித்த கை அது. கோதண்டம் பயந்து வெளியே வந்துவிட்டார். ஃபைலைத் தனியாக ஓட்டினால் அம்மா நன்றாகத்தானே கூப்பிடுகிறாள், அது போதும் என்று விட்டுவிட்டார்.

அன்று சாயங்காலம் கோபு ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு உட்கார்ந்தான். கோதண்டம் அடுப்படி வாசலில் நின்று அவன் முதுகையே பார்த்தார். திரையில் கார் கிளம்பியது. பத்து வினாடி போனது, அரை நிமிஷம் போனது. முதுகு அசையவில்லை. வளைவுகளில் மட்டும் லேசாகச் சாய்ந்தான். மறுபடி அதே பந்தயத்தைப் போட்டான். அன்றைக்கு நாலு பந்தயம், பதினாறு தரம் கூப்பிட்டிருப்பாள் அம்மா. எழுந்து கையைக் கழுவிக்கொண்டு, மூடி வைத்திருந்ததைத் தனியாகச் சாப்பிட்டான்.

நாலு நாள் அப்படியே போனது. செத்துப்போன அம்மா காதுக்குள் கூப்பிட்டும் திரும்பாதவனிடம் உயிரோடு இருக்கிற நான் என்ன பேச என்று கோதண்டத்துக்கு வெறுத்துவிட்டது. கோபமும் வந்தது. அந்தக் கோபத்தில் கொஞ்சம் நிம்மதியும் இருந்தது, இனி முயற்சி செய்ய வேண்டியதில்லை அல்லவா? ஞாயிற்றுக்கிழமை கோபு பெட்டியோடு இறங்கினான். கேட்டுக்குப் பக்கத்தில் ஒரு நொடி நின்றான். கோதண்டம் துளசிச் செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார், அது ஏற்கெனவே தண்ணீரில் நின்றுகொண்டிருந்தது. டேபிளில் ஒரு தாள். பம்பாய் லாட்ஜின் போன் நம்பர், அவ்வளவுதான்.

மூன்று வாரம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை டூட்டி இல்லை. பழக்க தோஷத்தில் இரண்டு பேருக்கு வடித்துவிட்டு, பசிக்காமல் ஹாலில் உட்கார்ந்திருந்தார். எதிரே கம்ப்யூட்டர். இனி யாருக்குப் பயப்பட வேண்டும்? அம்மா குரலையாவது அந்தக் கடலோரச் சாலையில் கேட்கலாம் என்று கேமைத் திறந்தார். தன் பேரை அடித்தார். ஹெட்ஃபோன் ஒயரைப் பிடுங்கி ஸ்பீக்கரை மாட்டினார். பந்தயம் தொடங்கியது. கார் உறுமியது, டயர் கிறீச்சிட்டது. அம்மா வரவில்லை.

அழித்திருக்கிறான் என்று முதலில் நினைத்தார். மூட்டையைப் பிரித்துப் பார்த்தார். ஏழாவது இடத்தில் அம்மா அப்படியே இருந்தாள். மறுபடி கேமைத் திறந்து, அதிலிருந்த ஒவ்வொரு பட்டனையும் தட்டிக்கொண்டே வந்தார். சத்தத்துக்கென்று ஒரு பக்கம் இருந்தது. எஞ்சின் சத்தத்தைக் கூட்டிக் குறைக்க ஒரு கோடு, முழுக்க ஏற்றி வைத்திருந்தது. பாட்டுக்கு ஒரு கோடு. அதைப் பூஜ்யத்துக்கு இறக்கி வைத்திருந்தது.

கோதண்டம் அதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார். பாட்டு நாராசமாக இருக்கிறது, நிறுத்தித் தொலைக்கச் சொல்லு என்று அவர் சொல்லியனுப்பிய சாயங்காலம் நினைவுக்கு வந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் அம்மா அதைத் திருத்திச் சொன்னதும் படுத்தபடியே காதில் விழுந்தது: அண்ணன் ராவெல்லாம் கண் முழிக்கிறான், கொஞ்சம் தூங்கட்டும், பாட்டு வாணாம்டா. கோபு ஒரு பேச்சுப் பேசாமல் அந்த நிமிஷமே நிறுத்தியிருக்கிறான். எஞ்சின் சத்தம் வெளியே கேட்காமல் இருக்கத்தான் ஹெட்ஃபோன் வாங்கினான். அதை மாட்டிய பிறகாவது பாட்டைப் போட்டுக்கொண்டிருக்கலாம். வேண்டாம் என்று அண்ணன் சொன்னது வேண்டாம்தான் என்று இரண்டு வருஷம் பாட்டில்லாமலே ஓட்டியிருக்கிறான். அவன் முதுகைப் பார்த்து என்னென்னவோ நினைத்தோமே என்று கோதண்டத்துக்கு நெஞ்சு வலித்தது.

பாட்டின் கோட்டை முழுக்க ஏற்றினார். பந்தயத்தைத் தொடங்கினார். கார் நின்ற இடத்திலேயே நிற்க, மேளத்தைத் தொடர்ந்து அம்மா கூப்பிட்டாள். அவர் டேபிளிலிருந்த தாளை எடுத்து போனைச் சுழற்றினார். லாட்ஜ்காரன் ஹிந்தியில் என்னவோ கேட்டான். கோபு, மெட்ராஸ் கோபு என்று மட்டும் சொன்னார். வெகு நேரம் கழித்து அந்தப் பக்கம் ஹலோ என்றான் கோபு.

யாருங்க, யாருங்க என்று அவன் இரண்டு தரம் கேட்டான். பந்தயத்தை முதலிலிருந்து மறுபடி போட்டுவிட்டு, அவர் ரிசீவரைக் கொண்டுபோய் ஸ்பீக்கருக்கு முன்னால் பிடித்தார். நாதஸ்வரம் வந்தது, அம்மா வந்தாள். நான்கு தரமும் கூப்பிட்டு முடிக்கிறவரை கை வலிக்க அப்படியே பிடித்திருந்தார். பிறகு ரிசீவரைக் காதில் வைத்தார். அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம் மட்டும் கேட்டது.

"அம்மா," என்றான் கோபு. குரல் உடைந்திருந்தது. "அண்ணன் சாப்ட்டாரான்னு கேளும்மா."

கோதண்டம் பழக்கத்தில் சுவரைப் பார்த்தார்.

"இன்னும் இல்லன்னு சொல்லும்மா," என்றார். "அவனுக்கோசரம் காத்துகினு கீறேன்னு சொல்லு."