முதல் குடம்

கலியபெருமாளுக்கு வாழ்க்கைப்பட்டு முதலியார்பேட்டைக்கு வந்த மறுநாள் காலையிலேயே வேம்புக்கு ஒரு விஷயம் உறுத்த ஆரம்பித்துவிட்டது.

மில்லுக்குப் பின்னால் இருந்த அந்தச் சந்துக்கு ஒரே ஒரு தெருக்குழாய்தான். விடிந்ததும் தண்ணீர் வரும். மில் சங்கு ஊதிய சற்று நேரத்தில் நின்றுவிடும். அதனால் பெண்கள் முன்கூட்டியே குடங்களை வரிசையாக வைத்துவிட்டுப் போவார்கள். அன்று வேம்பு எல்லோருக்கும் முந்தி வந்து தன் குடத்தை வைத்திருந்தாள். தண்ணீர் வருகிற நேரத்துக்குக் கடைசி வீட்டிலிருந்து ஓர் அம்மாள் நிதானமாக நடந்து வந்தாள். ஐம்பது வயது இருக்கும். இடுப்பில் பளபளவென்று துலக்கிய செப்புக்குடம். வேம்புவின் குடத்தைக் காலால் ஓரமாகத் தள்ளிவிட்டுத் தன்னுடையதைக் குழாயடியில் வைத்தாள். குடம் நிறைந்ததும் பக்கத்தில் நின்ற கன்னியம்மாளே அதைத் தூக்கி அவள் இடுப்பில் ஏற்றிவிட்டாள்.

“யாருக்கா அது?” என்று கேட்டாள் வேம்பு.

“சின்னப்பாப்பா. சொல்தா வூடு” என்றாள் கன்னியம்மாள். அதற்கு மேல் சொல்ல என்ன இருக்கிறது என்பது போல இருந்தது அவள் குரல்.

பிரெஞ்சுக்காரன் பட்டாளத்தில் இருந்தவர்களைத்தான் இங்கே சொல்தா என்பார்கள் என்று மில்லிலிருந்து திரும்பிய கலியபெருமாள் விளக்கினான். சின்னப்பாப்பாவின் புருஷன் அம்மாவாசை இந்தோசீனாவில் சண்டை போட்டவர். சைகோனில் ஒரு குண்டு அவருடைய வலது காதில் பாதியைக் கொண்டுபோய்விட்டது. கல்யாண வீடுகளில் அவருக்கு நாற்காலி, கூத்து நடந்தால் முன்னால் இடம், குழாயடியில் முதல் குடம். தனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து இப்படித்தான் என்றான்.

வேம்புக்கு அது ஆறவில்லை. வில்லியனூருக்கு அப்பால் இருந்த அவளுடைய ஊரில் ஆண்டை வீட்டு மாடுகள் குடித்து முடித்த பிறகுதான் அவள் தெருப் பெண்கள் பம்புசெட்டுத் தொட்டியில் குடத்தை முக்கலாம். வெயிலில் நின்று நின்று அவளுக்குக் கால் கொப்பளித்த நாட்கள் உண்டு. மில்காரனைக் கட்டிக்கொண்டு டவுனுக்குப் போகிறோம், இனிமேல் யாருக்கும் பின்னால் நிற்க வேண்டியதில்லை என்று நினைத்துத்தான் அவள் பஸ் ஏறினாள்.

அன்றிலிருந்து அம்மாவாசையைக் கவனிக்க ஆரம்பித்தாள். மற்ற சொல்தாக்களின் வீடுகள் மச்சு வீடுகள். பிள்ளைகள் பிரான்சில் இருந்தார்கள். இவர் வீட்டுக் கூரையில் மழைக்கு ஒழுகியது. ஒரு கல்யாணத்தில் காரைக்காலிலிருந்து வந்த யாரோ ஒருவர், “எந்த ரெஜிமாங்ல இருந்தீங்க?” என்று படைப் பிரிவைக் கேட்டபோது இவருக்குத் திடீரென்று இருமல் வந்தது. இருமி முடித்து எழுந்து கை கழுவப் போய்விட்டார். பித்தளைப் பொத்தான் வைத்த ஒரு காக்கிக் கோட்டு வைத்திருந்தார். அது தோளில் தொங்கியது. அவருக்கு அளவெடுத்துத் தைத்தது போல இல்லை.

“அவரு நெசமாவே சொல்தாவா? இல்ல, சும்மா சொல்றதா?” என்று புருஷனிடம் கேட்டாள்.

கலியபெருமாள் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். “உனக்கு எதுக்கு அது?” என்றான். அவன் நிமிராமல் சொன்ன விதமே அவளுக்குச் சந்தேகமாக இருந்தது.

ஜூலை பதினாலாம் தேதி கடற்கரைக்குக் கூட்டிப்போகச் சொல்லி அடம்பிடித்தாள். பிரெஞ்சுக்காரர்களின் பண்டிகை நாள் அது. சொல்தாக்கள் மெடல் குத்திக்கொண்டு வருவார்கள் என்று கேள்விப்பட்டிருந்தாள். வந்திருந்தார்கள். கூட்டத்தில் அம்மாவாசை இல்லை. முழங்கால் வலி என்று வீட்டிலேயே இருந்துவிட்டார்.

கலியபெருமாள் சுண்டல் வாங்கப் போன நேரத்தில், கடலைப் பார்த்து உட்கார்ந்திருந்த ஒரு கிழவரிடம் வேம்பு போனாள். அவர் சட்டையில் மெடல்கள் வரிசையாகத் தொங்கின.

“ஐயா, முதலியார்பேட்டையில அம்மாவாசைன்னு ஒரு சொல்தா. உங்களுக்குத் தெரியுங்களா?”

கிழவர் யோசித்தார். “அந்தப் பேருல சொல்தா யாரும் இல்லியே. எங்க பட்டாளத்துக் கப்பித்தேன் தொரை வூட்டுக் குசினியில ஒருத்தன் இருந்தான், அம்மாவாசைன்னு. நல்லா சமைப்பான். காது பாதி இருக்காது.”

“வலது காதுங்களா?”

“ஆமா. கப்பித்தேன் வளத்த நாய் கடிச்சிட்டுது.” கிழவர் சிரித்தார். “கப்பல் ஏறும்போது தன்னோட கோட்ட அவனுக்குக் குடுத்துட்டுப் போனாரு தொரை. ஏம்மா, உனக்கு அவன் சொந்தமா?”

“இல்லீங்க” என்று சொல்லிவிட்டு வந்தாள். சுண்டலை அவள் ருசித்துத் தின்றாள்.

மறுநாள் காலை சின்னப்பாப்பா செப்புக்குடத்தோடு வந்தபோது வேம்பு குழாயடியிலிருந்து நகரவில்லை.

“தள்ளு பொண்ணே.”

“எதுக்குத் தள்ளணும்? உங்க குடம் எனக்குப் பின்னாலதான் வந்துது.”

“நாங்க சொல்தா வூடு.”

“குசினிக்காரரு வூடு” என்றாள் வேம்பு. “அந்தக் காது குண்டு பட்டுப் போவல. நாய் கடிச்சிப் போச்சி. கோட்டு தொரை குடுத்துட்டுப் போனது. நேத்து ஒரு நெசமான சொல்தாவப் பாத்துக் கேட்டுட்டுத்தான் வந்திருக்கறேன்.”

எல்லோரும் வாயைப் பிளப்பார்கள் என்று எதிர்பார்த்தாள். ஒருத்திகூட ஆச்சரியப்படவில்லை. ஒருத்தி தரையைப் பார்த்தாள். இன்னொருத்தி குடத்தின் வாயைத் துடைத்துக்கொண்டிருந்தாள். கடைசி வீட்டு வாசலில் அம்மாவாசை வேப்பங்குச்சியோடு நின்றுகொண்டிருந்ததை வேம்பு அப்போதுதான் பார்த்தாள். அவர் குச்சியைக் கீழே போட்டுவிட்டு உள்ளே போனார். சின்னப்பாப்பா காலிக் குடத்தோடு அவர் பின்னாலேயே போய்விட்டாள்.

“திருப்தியா?” என்றாள் கன்னியம்மாள்.

“உங்களுக்குத் தெரியுமாக்கா?”

“எல்லாருக்குந்தான் தெரியும். அந்தக் காலத்துல இங்க குழா எங்க இருந்துது? மில்லு கேட்டாண்ட போயி வாட்ச்மேன் கால்ல வுழுந்து தண்ணி புடிச்சிட்டு வருவோம். முனிசிபாலிட்டி ஆபீசுல போயிக் கேட்டா, யாரு நீங்கன்னு வெரட்டுவான். அந்த மனுசன் கோட்டப் போட்டுக்கினு போனாரு. நாலு வார்த்த பிரெஞ்சுல பேசுனாரு. சொல்தா குடியிருக்கற தெருவுக்குத் தண்ணி இல்லியான்னு கேட்டாரு. நாற்காலி போட்டு உக்கார வெச்சானுங்க. அந்த மாசமே பைப்பு பொதைச்சானுங்க. மொதக் குடம் அவங்களுதுன்னு நாங்கதான் சொன்னோம். அவங்க கேக்கல.”

வேம்பு தன் குடத்தைக் குழாயடியில் நேராக வைத்தாள். பிறகு சொன்னாள். “மொத நாளு நீங்க குடுத்தீங்க. சரி. இப்ப அவங்க கால்ல தள்ளிவுட்டு எடுத்துக்கறாங்களே.”

கன்னியம்மாள் தன் குடத்தைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு நடந்தாள்.

அடுத்த நாளிலிருந்து சின்னப்பாப்பா எல்லோருக்கும் கடைசியில் வந்து நின்றாள். முன்னால் வா என்று கூப்பிட்டால் காதில் வாங்கவில்லை. அவள் முறை வருவதற்குள் பல நாட்கள் தண்ணீர் நின்றுபோனது. வெறுங்குடத்தைத் தூக்கிக்கொண்டு போவாள். ஒருநாள் வேம்பு தன் குடத்திலிருந்து பாதியை அவள் குடத்தில் ஊற்றப்போனாள். “எனக்கு எவ தண்ணியும் வேணாம்” என்று சின்னப்பாப்பா வாயைக் கையால் மூடுவது போலக் குடத்தின் வாயை மூடிக்கொண்டாள்.

வேம்பு ஆசைப்பட்டது நடந்துவிட்டது. வரிசை, வரிசையாகவே இருந்தது. யாரும் யார் குடத்தையும் தள்ளவில்லை. ஆனால் அவள் வந்தால் குழாயடியில் பேச்சு நின்றது. இரண்டு பேர் குசுகுசுவென்று பேசினால் தன்னைப் பற்றித்தான் என்று தோன்றியது. உப்பு கேட்டுப் போன இடத்தில், வீட்டில் இல்லை என்றார்கள். உண்மையிலேயே இல்லையா, தனக்கு மட்டும் இல்லையா என்று யோசித்துக்கொண்டே திரும்பி வந்தாள். தெருவில் எல்லோருக்கும் ஏதோ ஒரு ரகசியம் இருக்கும். இவள் அதை யாரிடமாவது விசாரித்துக்கொண்டு வந்துவிடுவாள் என்று அவர்கள் பயந்தார்கள். கலியபெருமாள் மட்டும் ஒருநாள் வாய்விட்டுச் சொன்னான். “நீ கேட்டது தப்பில்ல வேம்பு. அவரு காதுல வுழற மாதிரி கேட்டதுதான் தப்பு.”

அடுத்த கோடையில் முனிசிபாலிட்டி அலுவலகத்து ஆட்கள் வந்து சந்தின் நீள அகலத்தை அளந்தார்கள். குழாயைப் பிடுங்கி மெயின் ரோட்டு முனையில் வைக்கப்போவதாகச் சொன்னார்கள். அங்கே சக்கரபாணி என்பவர் புதிதாக ஓட்டல் கட்டிக்கொண்டிருந்தார். ஓட்டல் வாசலில் யாருக்காகக் குழாய் வருகிறது என்பதை ஒருவரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

பெண்கள் அம்மாவாசையைத் தேடிப் போனார்கள். வேம்பு தள்ளி நின்றாள்.

“கோட்டப் போட்டுக்கினு ஒரு நட ஆபீசுக்குப் போயிட்டு வாங்க” என்றாள் கன்னியம்மாள்.

“நான் யாரு?” என்றார் அவர். “நாய் கடிச்சவன். எனக்கு என்னா பாத்தியம் இருக்குது அங்க போயி நிக்க?” கதவைச் சாத்திக்கொண்டார்.

எல்லோரும் வேம்புவைத் திரும்பிப் பார்த்தார்கள். அந்தப் பார்வையில் கோபத்தைவிடக் கேள்வி அதிகமாக இருந்தது. “நான் போறேன்” என்றாள்.

அவள் சாலைக்கு வந்தபோது பின்னால் காலடிச் சத்தம் கேட்டது. சின்னப்பாப்பா. “உனக்காக வரல. எனக்குந்தான் தண்ணி வேணும்” என்றாள். இருவரும் சாலையின் இரண்டு ஓரமாக நடந்தார்கள்.

அலுவலகத்தில் ஒரு கிளார்க் அவர்களை ஏற இறங்கப் பார்த்தார். “யாரு அனுப்புனது?”

“யாரும் அனுப்பலைங்க” என்றாள் வேம்பு.

“எந்தக் கட்சி?”

“கட்சி இல்லீங்க. மில்லுக்குப் பின்னால சந்து. குழாய எடுக்கறாங்கன்னு சொன்னாங்க.”

“யாரும் அனுப்பாமலா ரெண்டு பொம்பளைங்க வந்து நிக்கறீங்க?” அவர் நம்பவில்லை. யாரோ தூண்டிவிட்டுத்தான் வந்திருக்கிறார்கள் என்று பக்கத்து மேஜைக்காரரிடம் சொன்னார்.

சின்னப்பாப்பா வேம்புவின் முழங்கையை இடித்தாள். “சொல்தா வூடுன்னு சொல்லு” என்றாள் மெதுவாக. “சொல்லு, நான் தலையாட்டறேன்.”

அது வேம்புவின் நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது. சொல்லியிருந்தால் நாற்காலி கிடைத்திருக்கும். அம்மாவாசை கோட்டை மாட்டிக்கொண்டு இதே இடத்தில் நின்றபோது அவருக்கு எப்படி இருந்திருக்கும் என்று அவளுக்கு அப்போது விளங்கியது. விளங்கியதால் அவர்மேல் இருந்த கோபம் குறைந்தது. ஆனாலும் அந்த வார்த்தை வெளியே வரவில்லை.

“நாங்க அந்தத் தெருவுல குடியிருக்கறவங்கய்யா” என்றாள். “அந்தத் தண்ணியத்தான் குடிக்கறோம். குழா அங்கதான் இருக்கணும். பெரிய ஐயாவப் பாக்காம நாங்க போகமாட்டோம்.”

சுவரோரத்தில் உட்கார்ந்தார்கள். பெரிய அதிகாரி அன்று வரவில்லை என்றார்கள். அவர் உள்ளே டீ குடிப்பது தெரிந்தது. மறுநாளும் போனார்கள், கன்னியம்மாளும் வந்தாள். அதற்கடுத்த நாள் சந்தில் பாதிப் பெண்கள் காலிக் குடங்களோடு கிளம்பிவிட்டார்கள். குடங்களை வராந்தாவில் வரிசையாக வைத்துவிட்டு உட்கார்ந்தார்கள். வருகிறவர்கள் போகிறவர்களெல்லாம் குடங்களைத் தாண்டித்தான் போக வேண்டியிருந்தது. மத்தியானத்துக்கு மேல் அதிகாரி வெளியே வந்தார். யார் பின்னால் இருக்கிறார்கள் என்று அவரும் கேட்டார். பிறகு அலுத்துப்போய் ஜீப்பில் ஏறி வந்து குழாயடியைப் பார்த்தார். குழாய் இருந்த இடத்திலேயே இருக்கட்டும், ஓட்டல்காரன் கிணறு வெட்டிக்கொள்ளட்டும் என்று தன் ஆட்களிடம் சொல்லிவிட்டுப் போனார்.

மறுநாள் காலை குழாயடியில் பேச்சு நிற்கவில்லை. வேம்பு வந்ததும் கன்னியம்மாள் அவளுடைய குடத்தை எடுத்து வரிசையின் முன்னால் வைத்தாள். வேம்பு அதைத் திரும்ப எடுத்துத் தன் இடத்திலேயே வைத்தாள். சின்னப்பாப்பா அதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். அன்று அவள் கடைசியில் நிற்காமல், வந்த வரிசைப்படி நடுவில் நின்றாள்.

வேம்பு தண்ணீரோடு திரும்பும்போது அம்மாவாசை வாசலில் நின்று கூப்பிட்டார்.

“பொண்ணே, இங்க வா. அங்க போயி என்னான்னு சொன்ன?”

“குடியிருக்கறோம், தண்ணி வேணும்னு சொன்னேன் பெரியப்பா.”

“அதான் சின்னப்பாப்பாவும் சொன்னா. வேற என்னா சொன்ன?”

“வேற ஒண்ணும் சொல்லல.”

“யாரு பேரையும் சொல்லல?”

“இல்ல.”

அவர் பாதிக் காதைத் தடவிக்கொண்டே அவளைக் கூர்ந்து பார்த்தார். இடுப்பில் குடம் கனத்தது; அவள் இன்னொரு பக்கம் மாற்றிக்கொண்டாள்.

“அதுக்கே குழாய வுட்டுட்டானா?” என்றார். “நம்பற மாதிரி இல்லியே.” பொய் சொல்கிறாளா என்று கண்டுபிடிக்கிறவர் போல, அவள் தன் வீட்டு வாசல் ஏறும் வரைக்கும் பார்த்துக்கொண்டே நின்றார்.